ஆளுநர் நாற்காலியை இரண்டு முறை விட்டு எழுந்த வக்கீல்: சாம் ஹூஸ்டன் (விவாத இழை)

#1 திண்ணைவாசி

நண்பர்களுக்கு வணக்கம். அமெரிக்காவின் ஆரம்பகால எல்லைப்புற வக்கீல்களைப் பற்றி இங்கே பேச்செடுத்தால் அது லிங்கனில் ஆரம்பித்து லிங்கனிலேயே முடிந்துவிடுகிறது. எனக்கு நெடுநாளாக மனத்தில் கிடப்பவர் வேறொருவர், சாம் ஹூஸ்டன். டெக்சாஸில் உள்ள நகரத்தின் பெயர் எல்லோருக்கும் தெரியும். அந்தப் பெயருக்கு உரியவர் டென்னசி, டெக்சாஸ் இரண்டிலும் மக்கள் ஓட்டில் ஆளுநரானவர். (அங்கே ஆளுநர் என்றால் நம் முதலமைச்சர் மாதிரி, தேர்தலில் ஜெயித்துத்தான் வரவேண்டும்.) இரண்டு மாநிலங்களில் அப்படி ஜெயித்தவர் அமெரிக்க வரலாற்றிலேயே அவர் ஒருவர்தான்.

இரண்டு பதவியையும் அவர் முழுதாக முடிக்கவில்லை. 1829 ஏப்ரல் 16 அன்று டென்னசி ஆளுநர் பதவியை ராஜினாமா செய்துவிட்டு நதி வழியே படகேறிப் போய்விட்டார். காரணம் என்ன என்று சாகும்வரை வாய் திறக்கவில்லை. 1861 மார்ச் 16 அன்று டெக்சாஸில் அவர் பதவி பறிபோனது. அந்த முறை காரணத்தை வரிவரியாக எழுதிவைத்தார். தென்மாநிலக் கூட்டமைப்புக்கு (அடிமை முறையைக் காக்க அமெரிக்காவை விட்டு விலகிய மாநிலங்கள் சேர்ந்து அமைத்த தனி அரசு) விசுவாச உறுதிமொழி எடுக்க மறுத்ததுதான் காரணம்.

1861 மறுப்பை வீரம், பிடிவாதம் என்றெல்லாம் எழுதுகிறார்கள். எனக்கு அது ஒரு வக்கீலின் செயலாகப் படுகிறது. சட்டம் என்ன அதிகாரம் கொடுத்தது, என்ன கொடுக்கவில்லை என்று பிரித்துப் பார்த்த ஆள் அவர். நீங்கள் என்ன நினைக்கிறீர்கள் என்று கேட்கத்தான் இந்த இழை.

முதலில் அவர் எங்கிருந்து வந்தார் என்று கொஞ்சம் சொல்லிவிடுகிறேன். 1793 மார்ச் 2, வர்ஜீனியாவில் பிறப்பு. அப்பா சீக்கிரம் இறந்துவிட, அம்மா எலிசபெத் ஒன்பது பிள்ளைகளோடு மலையைத் தாண்டி கிழக்கு டென்னசியின் மேரிவில் பக்கம் வந்தார். அண்ணன்மார் இவரைக் கடையில் உட்கார வைத்தார்கள். பதினாறு வயதில் ஓடிப்போனார். போன இடம் ஹைவாசி ஆற்றுத் தீவிலிருந்த செரோக்கி பழங்குடி மக்களின் ஊர். அவர்கள் தலைவர் ஊலூடேக்கா, வெள்ளையர் வைத்த பெயர் ஜான் ஜாலி, இந்தப் பையனைத் தன் மகனாகவே ஏற்றுக்கொண்டார். 'அண்டங்காக்கை' என்ற பொருளில் ஒரு பெயரும் வைத்தார்கள். மூன்று வருடம் அங்கே இருந்தார். மொழியும் கற்றார்.

செரோக்கி நண்பர்களுக்குப் பரிசு வாங்கிக் கொடுத்தே கடனாளி ஆனார். அந்தக் கடனை அடைக்க 1812-இல் மேரிவில் அருகே மரக்கட்டைகளால் கட்டிய ஒற்றை அறைப் பள்ளியில் வாத்தியார் வேலை பார்த்தார். ஒரு பிள்ளைக்கு வருடக் கட்டணம் 8 டாலர். மூன்றில் ஒரு பங்கு ரொக்கம், ஒரு பங்கு மக்காச்சோளம், ஒரு பங்கு பருத்தித் துணி. அந்தப் பள்ளிக்கூடம் இன்றும் நிற்கிறது. துணியும் சோளமும் கலந்த அந்தக் கட்டணத்தில் எல்லைப்புறம் முழுவதும் இருக்கிறது என்று எனக்குத் தோன்றும்.

1813-இல் ராணுவத்தில் சேர்ந்தார். வழியனுப்பும்போது அம்மா ஒரு தங்க மோதிரம் கொடுத்தார். உட்புறம் 'மானம்' என்ற ஒரே ஒரு சொல் பொறித்திருந்தது. அதை அவர் கடைசிவரை போட்டிருந்தார்.

#2 கறுப்பு அங்கி

நல்ல இழை, திண்ணைவாசி. நான் இருபது வருடமாகக் கோர்ட் வாசலில் நிற்பவன். அதனால் அவர் வக்கீலான கதையை நான் சொல்கிறேன், இதை எல்லோரும் இரண்டு வரியில் தாண்டிவிடுகிறார்கள்.

அப்போது சட்டக் கல்லூரி போவது வழக்கமில்லை. ஒரு நீதிபதியிடமோ மூத்த வக்கீலிடமோ போய் உட்கார்ந்து, அவர் அலமாரியில் இருக்கும் புத்தகங்களைப் படித்து, மனு நகல் எடுத்துக் கொடுத்து, அப்புறம் நீதிபதிகள் கேட்கும் கேள்விகளுக்குப் பதில் சொன்னால் உரிமம். ஹூஸ்டன் 1818-இல் நாஷ்விலில் ஜேம்ஸ் டிரிம்பிளிடம் சேர்ந்தார். பதினெட்டு மாதப் படிப்பு என்றார்கள். ஆறு மாதத்தில் முடித்துவிட்டார். பிறகு கிழக்கே லெபனான் என்ற சிற்றூரில் அலுவலகம் திறந்தார். மாத வாடகை 1 டாலர். உள்ளூர்க் கடைக்காரர் ஒருவரே இடமும் கொடுத்து, உடுத்த நல்ல உடையும் கடனுக்குக் கொடுத்தார். தொழிலுக்கு வந்த புதிதில் கோட்டுக்குக் காசில்லாமல் நின்றவர்களுக்குத்தான் அந்த உதவியின் அருமை தெரியும்.

வழக்குகள் பெரும்பாலும் என்ன? நிலத் தகராறு, கடன் பாக்கி, அடிதடி. எல்லைப்புறத்தில் அளவை சரியாக நடக்காததால் ஒரே நிலத்துக்கு இரண்டு மூன்று பேர் பட்டா காட்டுவார்கள். கோர்ட் கூடும் நாளில் சுற்று வட்டாரமே திரண்டு வரும். குதிரை வியாபாரம் நடக்கும், அரசியல் பேச்சு நடக்கும். நன்றாகப் பேசுகிற வக்கீலுக்கு அந்தக் கூட்டமே ஓட்டு வங்கி. இவரோ ஆறடிக்கு மேல் உயரம், கணீரென்ற குரல். பிறகு அமெரிக்க அதிபரான படைத்தலைவர் ஆண்ட்ரூ ஜாக்சனின் ஆதரவு வேறு. சீக்கிரமே நாஷ்வில் வட்டாரத்தின் அரசு வக்கீல், 1821-இல் மாநிலக் குடிமக்கள் படையின் மேஜர் ஜெனரல், 1823-இல் வாஷிங்டனில் பிரதிநிதிகள் அவை, 1827-இல் ஆளுநர். ஒரு டாலர் வாடகை அறையிலிருந்து ஆளுநர் நாற்காலிக்கு ஒன்பது வருடம். அப்போது வயது 34.

ஜாக்சன் ஆதரவு எப்படி வந்தது என்றால், 1814 மார்ச் 27 ஹார்ஸ்ஷூ பெண்ட் சண்டை. கிரீக் பழங்குடி மக்களில் ஒரு பிரிவினருக்கு எதிரான போர். ஹூஸ்டன் தொடையில் அம்பு இறங்கியது. பக்கத்திலிருந்த அதிகாரியைப் பிடுங்கச் சொன்னார். இரண்டு தடவை வரவில்லை. வாளை ஓங்கி, பிடுங்காவிட்டால் வெட்டுவேன் என்று மிரட்டி மூன்றாம் தடவை பிடுங்க வைத்தார், சதையோடு வந்தது. போதும், இரு என்று ஜாக்சன் சொல்லியும் கேட்காமல் மறுபடி போய்த் தோளில் இரண்டு குண்டு வாங்கினார். பிழைக்க மாட்டார் என்று மருத்துவர்கள் ஒரு குண்டை எடுக்காமலேயே விட்டார்கள். அந்தத் தொடைப் புண் ஆயுள் முழுக்க ஆறவில்லை. சட்டசபையில், நீதிமன்றத்தில், செனட்டில் அவர் எழுந்து நின்று பேசியதெல்லாம் அந்தப் புண்ணோடுதான்.

#3 இளங்கலை மூன்றாமாண்டு

ஐயா, 1829-இல் ராஜினாமாவுக்குக் காரணம் கல்யாணம் என்று படித்தேன். அது உண்மையா?

#4 திண்ணைவாசி

ஆமாம் தம்பி. 1829 ஜனவரி 22 அன்று எலைசா ஆலன் என்ற பெண்ணை மணந்தார். அவருக்கு 35, பெண்ணுக்கு 19. மூன்று மாதம்கூட முழுதாக ஓடவில்லை, பெண் தாய் வீட்டுக்குப் போய்விட்டார். மாமனாருக்கு ஹூஸ்டன் எழுதிய கடிதம் ஒன்று கிடைத்திருக்கிறது. அவள் என்னிடம் பட்டும் படாமல் இருந்தாள், என்னை நேசிக்கவில்லை என்று நினைத்தேன், என்ற பொருளில் எழுதியிருக்கிறார். அதற்கு மேல் இருவருமே சொல்லவில்லை. ஊரெல்லாம் அந்தப் பெண்ணைப் பற்றி ஏதேதோ பேசியபோதும் தன் வாயால் ஒரு சொல் அவர் சேர்க்கவில்லை. தன் பதவியைக் காப்பாற்ற ஒரு விளக்கம் போதுமாயிருந்தது. அதைக் கொடுக்கவில்லை. எலைசா 1861-இல் இறந்தார், ஹூஸ்டன் இரண்டாம் முறை பதவியை இழந்த அதே வருடம்.

ராஜினாமா செய்தவர் நேரே போனது வளர்ப்புத் தந்தை ஜான் ஜாலியிடம், இப்போதைய ஓக்லஹோமா பகுதிக்கு. அங்கே செரோக்கி குடியுரிமை பெற்றார். டயானா ராஜர்ஸ் என்ற செரோக்கிப் பெண்ணோடு வாழ்ந்தார். கடுமையாகக் குடித்தார். 'பெருங்குடிகாரன்' என்றே அவர்கள் பெயர் வைக்கும் அளவுக்கு.

#5 மறுபக்கம்

இதுவரை எழுதியதெல்லாம் சரிதான். ஆனால் ஒன்றைத் தாண்டிப் போய்விட்டீர்கள். 1817-இல் அவர் செய்த வேலை என்ன? செரோக்கி மக்களுக்கான அரசின் துணை முகவர். தன்னை மகனாக வளர்த்த ஜான் ஜாலியின் கூட்டத்தையே, நிலத்தை விட்டுவிட்டு மிசிசிப்பிக்கு மேற்கே போகும்படி பேசிச் சம்மதிக்க வைத்தார். 1818 தொடக்கத்தில் அவர்கள் போனார்கள். 1829-இல் மனமுடைந்து இவர் தஞ்சம் புகுந்தது, இவரே மேற்கே அனுப்பிவைத்த அதே மக்களிடம்தான்.

எப்படியும் பலவந்தமாகத் துரத்துவார்கள், முன்கூட்டியே நல்ல விலைக்குப் போவது மேல் என்று அவர் நினைத்திருக்கலாம் என்பார்கள். இருக்கட்டும். மக்கள் தலைமுறை தலைமுறையாகப் புதைத்த இடுகாட்டை விட்டு எழுந்து போனதற்கு அந்த நினைப்பு ஈடாகாது.

அடுத்தது அடிமை முறை. அவர் அடிமைகளை வைத்திருந்தவர். இறந்தபோது சொத்துக் கணக்கில் பன்னிரண்டு மனிதர்கள் இருந்தார்கள். டெக்சாஸ் அப்போது மெக்சிகோவின் பகுதி. மெக்சிகோ 1829-இலேயே அடிமை முறையை ஒழிப்பதாக அறிவித்துவிட்டது. அதிலிருந்து பிரிந்து 1836-இல் பிறந்த டெக்சாஸ் குடியரசின் அரசியல் சட்டமோ அடிமை முறையைப் பாதுகாத்தது. விடுதலை பெற்ற கறுப்பின மக்கள் நாடாளுமன்ற அனுமதியில்லாமல் அங்கே வசிக்கக்கூட முடியாது என்றது. அந்தக் குடியரசில் தேர்தலில் ஜெயித்து வந்த முதல் அதிபர் இவர்தான். சட்டத்தை நம்பிய வக்கீல் என்று சொல்லும்போது எந்தச் சட்டத்தை என்றும் கேட்க வேண்டும்.

#6 டெக்சாஸ் தென்றல்

நான் ஹூஸ்டனில் பதினான்கு வருடமாக இருக்கிறேன். பியர்லேண்ட் மீனாட்சி கோவிலுக்குப் போகிற அளவுக்கு அடிக்கடி இல்லாவிட்டாலும், ஊருக்கு விருந்தினர் வந்தால், ஹூஸ்டன் மெக்சிகோ படையை வென்ற சான் ஜசிண்டோ போர்க்களத்துக்குக் கூட்டிப் போவேன். 567 அடி உயரத் தூண் ஒன்று நிற்கிறது. வாஷிங்டன் நினைவுத் தூணைவிட உயரம். அதன் அடியில் நின்றால் சுற்றிலும் சதுப்பு நிலம், தூரத்தில் எண்ணெய் ஆலைகள். முதல் தடவை போனபோது என் மகள் கேட்டாள், இவ்வளவு தட்டையான இடத்தில் எப்படி ஒளிந்து போய்த் தாக்கினார்கள் என்று.

1836 ஏப்ரல் 21, மதியம் சாய்ந்த நேரம். டெக்சாஸ்காரர்கள் காத்து நின்ற அலமோ கோட்டை மார்ச் 6-இல் விழுந்திருந்தது. மார்ச் 27-இல் கோலியாடில் முந்நூறுக்கு மேற்பட்ட கைதிகளை மெக்சிகோ படை சுட்டுக் கொன்றிருந்தது. டெக்சாஸ் படைத்தலைவரான ஹூஸ்டன் வாரக்கணக்கில் பின்வாங்கிக்கொண்டே இருந்தார். படையினரே கோழை என்று ஏசினார்கள். மெக்சிகோ முகாம் ஓய்விலிருந்தபோது சுமார் 900 பேர் நீள்புல்லுக்கும் சிறு மேட்டுக்கும் பின்னால் வரிசையாக வந்து பாய்ந்தார்கள். சண்டை 18 நிமிடம். மெக்சிகோ தரப்பில் 630 பேர் இறந்தார்கள், 730 பேர் பிடிபட்டார்கள். டெக்சாஸ் தரப்பில் இறந்தவர் ஒன்பது பேர். ஹூஸ்டனுக்குக் கணுக்காலில் குண்டு.

'மறுபக்கம்' கேட்பதற்கு முன் நானே சொல்லிவிடுகிறேன். 18 நிமிடத்தில் முடிந்தது சண்டை மட்டும்தான். கொலை நெடுநேரம் நடந்தது. சதுப்புக்குள் ஓடி, கையைத் தூக்கிச் சரணடைந்தவர்களையும் சுட்டார்கள். அந்த நீர்நிலையைப் பார்க்கும்போது எனக்கு அதுதான் முதலில் நினைவுக்கு வரும்.

ஆனால் மறுநாள் நடந்ததையும் சேர்த்துப் பாருங்கள். சாதாரணச் சிப்பாய் உடையில் ஒளிந்திருந்த மெக்சிகோ தலைவர் சாண்டா அன்னாவைப் பிடித்து வந்தார்கள். தூக்கில் போடு என்று கூட்டம் கத்தியது. மரத்தடியில் கால் வீங்கிப் படுத்திருந்த ஹூஸ்டன் மறுத்துவிட்டார். உயிரோடு இருக்கும் எதிரித் தலைவனிடம் மற்றப் படைகள் பின்வாங்கட்டும் என்று எழுதி வாங்கினார்.

#7 கறுப்பு அங்கி

அந்தக் காட்சியில்தான் வக்கீல் தெரிகிறார் என்று நான் சொல்வேன். பழி தீர்ப்பதைவிடக் கையெழுத்து முக்கியம் என்று நினைத்தது.

1832 வழக்கையும் யாராவது சொல்லவேண்டும். செரோக்கி மக்களோடு இருந்தபோது, அவர்களுக்குச் சேரவேண்டிய பணத்தை முகவர்கள் சுருட்டுவதை ஆர்க்கன்சாஸ் பத்திரிகையில் புனைபெயரில் அம்பலப்படுத்தினார். சில முகவர்கள் வேலை இழந்தார்கள். பிறகு பழங்குடியினருக்கு உணவு வழங்கும் ஒப்பந்தம் ஒன்றுக்கு இவரும் முயன்றார், கிடைக்கவில்லை. ஒஹையோ உறுப்பினர் வில்லியம் ஸ்டான்பெரி, அதில் மோசடி நடந்ததாகப் பிரதிநிதிகள் அவையில் இவர் பெயரைச் சொல்லிக் கேள்வி எழுப்பினார். ஏப்ரல் 13 இரவு வாஷிங்டன் தெருவில் அவரைக் கண்டு ஹூஸ்டன் ஹிக்கரி மரக் கைத்தடியால் அடித்தார். ஸ்டான்பெரி கைத்துப்பாக்கியை நெஞ்சில் வைத்து இழுத்தார். அது வெடிக்கவில்லை.

இங்கே சட்டப் பிரச்சினை சுவையானது. ஹூஸ்டன் அப்போது உறுப்பினர் அல்ல, தனி மனிதர். அவைக்குள் பேசிய பேச்சுக்காக உறுப்பினரை வெளியே அடித்த தனி மனிதரை அவையே விசாரிக்கலாமா? சாதாரண நீதிமன்றம் இருக்கும்போது அவையே வாதி, அவையே நீதிபதி ஆகலாமா? ஹூஸ்டன் தானே எழுந்து நீண்ட உரை ஆற்றினார். அவை 106க்கு 89 என்ற வாக்கில் அவைத்தலைவர் கண்டனம் தெரிவிக்கத் தீர்மானித்தது. தனியாக நீதிமன்றம் 500 டாலர் அபராதம் போட்டது. அதை ஜாக்சன் பிறகு தள்ளுபடி செய்தார். அடித்தது தவறு, அதில் எனக்குச் சந்தேகமே இல்லை. ஆனால் அவர் எழுப்பிய கேள்வி சரியான கேள்வி. அந்த வருடக் கடைசியிலேயே டெக்சாஸுக்குள் போய்விட்டார். நக்கடோச்சஸில் மறுபடி வக்கீல் தொழில்.

#8 மறுபக்கம்

கைத்தடிக் கதை எல்லோரும் சொல்வது. டுவாலியின் தொப்பிக் கதையை யாரும் சொல்வதில்லை, நான் சொல்கிறேன்.

1836 பிப்ரவரியில், டெக்சாஸ் போர் நடக்கும்போது, கிழக்கு டெக்சாஸ் செரோக்கி மக்களோடு ஹூஸ்டன் ஒப்பந்தம் போட்டார். நீங்கள் போரில் சேராமல் இருங்கள், இந்த நிலம் உங்களுக்கு என்று. தலைவர் டுவாலி ஒப்புக்கொண்டார். சொன்னபடி நடந்தார்கள். போர் முடிந்தது. 1837 டிசம்பரில் டெக்சாஸ் செனட் அந்த ஒப்பந்தத்தைச் செல்லாது என்று தள்ளிவிட்டது. அடுத்து வந்த அதிபர் லமார் அவர்களைத் துரத்தப் படை அனுப்பினார். 1839 ஜூலை 16, நெச்சஸ் ஆற்றருகே எண்பது வயதைத் தாண்டிய டுவாலி கொல்லப்பட்டார். அப்போது அவர் அணிந்திருந்த தொப்பியும் வாளும் ஹூஸ்டன் பரிசாகக் கொடுத்தவை.

சபையில் ஹூஸ்டன் எழுந்து இந்தக் கொலையைக் கடுமையாகக் கண்டித்தார், உண்மை. கைகொட்டுகிற கூட்டம் அவருக்கு எதிராக இருந்தபோதும் பேசினார், அதுவும் உண்மை. ஆனால் அவர் கையெழுத்தை நம்பிய கிழவர் அந்தத் தொப்பியோடு மண்ணில் கிடந்தார்.

#9 திண்ணைவாசி

மறுபக்கம், இதை நான் மறுக்கவே மாட்டேன். எனக்கு இதைப் படித்ததும் 1861 இன்னும் தெளிவாகிறது. தான் போட்ட கையெழுத்தை இன்னொருவர் கிழிப்பதை அவர் ஒரு முறை பார்த்துவிட்டார்.

டெக்சாஸ் 1845 டிசம்பரில் அமெரிக்காவோடு சேர்ந்தது. 1846 முதல் 1859 வரை இவர் செனட்டர். மற்றவர்கள் மணிக்கணக்கில் பேசும்போது இவர் பேனாக்கத்தியால் மரக்கட்டையைச் செதுக்கிக்கொண்டிருப்பார், சிறு இதய வடிவங்கள், பொம்மைகள். 1854-இல் கான்சாஸ்–நெப்ராஸ்கா சட்டம் வந்தது. அடிமை முறையைப் புதிய நிலங்களுக்குத் திறந்துவிடும் சட்டம். தென்மாநில ஜனநாயகக் கட்சி செனட்டர்களில் எதிர்த்து வாக்களித்தவர் இவர் ஒருவரே. அடிமை முறை வடக்கே பரவக்கூடாது என்ற பழைய உடன்படிக்கையை உடைக்கிறீர்கள், பழங்குடியினருக்குக் கொடுத்த வாக்கையும் சேர்த்து உடைக்கிறீர்கள் என்று வாதாடினார். அதோடு டெக்சாஸ் அவரைக் கைவிட்டது. 1857 ஆளுநர் தேர்தலில் தோற்றார். 1859-இல் ஜெயித்தார்.

1861 பிப்ரவரி 1 அன்று டெக்சாஸ் பிரிவினை மாநாடு 166க்கு 8 என்று அமெரிக்காவை விட்டு விலகத் தீர்மானித்தது. பிப்ரவரி 23 பொது வாக்கெடுப்பிலும் மக்கள் பெரும்பான்மையாக ஒப்புக்கொண்டார்கள். ஹூஸ்டன் வாதம் இதுதான்: மக்கள் விலகலாம் என்றுதான் ஓட்டுப் போட்டார்கள். அப்படியென்றால் டெக்சாஸ் மறுபடி தனிக் குடியரசு. தென்மாநிலக் கூட்டமைப்பில் சேரும் அதிகாரத்தை இந்த மாநாட்டுக்கு யார் கொடுத்தது?

மார்ச் 15 இரவு மாளிகை மாடியில் விடியும்வரை நடந்துகொண்டே இருந்தாராம். காலையில் இறங்கி வந்து மனைவியிடம், மார்கரெட், நான் அதைச் செய்யவே மாட்டேன் என்றார். அன்றே ஆஸ்டின் சட்டசபைக் கட்டடத்தில், உறுதிமொழி எடுக்க மாநாட்டில் அவர் பெயரைக் கூப்பிட்டார்கள். மூன்று முறை. அவர் கீழ்த்தளத்தில் உட்கார்ந்து கட்டை செதுக்கிக்கொண்டிருந்தார். துணை ஆளுநர் எட்வர்ட் கிளார்க் பதவியேற்றார். படை அனுப்பி நாற்காலியைக் காப்பாற்றுகிறேன் என்று லிங்கன் தரப்பிலிருந்து வந்த உதவியையும் வேண்டாம் என்றார். டெக்சாஸ்காரன் ரத்தத்தை டெக்சாஸ்காரன் சிந்த அவர் விரும்பவில்லை.

#10 இளங்கலை மூன்றாமாண்டு

அப்படியானால் அவர் அடிமை முறைக்கு எதிரானவரா இல்லையா ஐயா? எனக்கு இரண்டும் கலந்து வருகிறது.

#11 மறுபக்கம்

எதிரானவர் இல்லை தம்பி. அது பரவுவதை எதிர்த்தார், கூட்டாட்சி உடைவதை எதிர்த்தார். தன் வீட்டில் இருந்தவர்களை விடுவிக்கவில்லை. அவர் மகன் சாம் தென்மாநிலப் படையில் சேர்ந்து ஷைலோ சண்டையில் காயப்பட்டார். இந்த மூன்றும் ஒரே வீட்டில் நடந்தவை. தேர்வில் எழுதினால் மூன்றையும் எழுது.

#12 கறுப்பு அங்கி

திண்ணைவாசி சொன்ன வாதத்தை நான் முழுதாக ஏற்கிறேன். வக்கீலுக்கு முதல் கேள்வி எப்போதும் அதிகார வரம்புதான். மறுப்பு அறிக்கையை அவர் கட்டியிருக்கும் விதத்தைப் பாருங்கள். மிதிக்கப்பட்ட உங்கள் உரிமைகளின் பெயரால் இந்த உறுதிமொழியை மறுக்கிறேன், டெக்சாஸ் அரசியல் சட்டத்தின் பெயரால் மறுக்கிறேன், என் மனச்சாட்சியின் பெயரால் மறுக்கிறேன் என்று ஒவ்வொரு காரணத்தையும் தனித்தனியாக வைக்கிறார். வாதுரை எழுதிப் பழகிய கை அது.

இன்னொரு செய்தி. அவருடைய கடைசி மகன் டெம்பிள் 1860-இல் அந்த ஆளுநர் மாளிகையிலேயே பிறந்தவர். அவரும் வளர்ந்து எல்லைப்புற வக்கீலாகவே பேர் எடுத்தார்.

#13 டெக்சாஸ் தென்றல்

ஹூஸ்டன் 1863 ஜூலை 26 அன்று ஹன்ட்ஸ்வில் ஊரில் வாடகை வீட்டில் இறந்தார். மார்கரெட் அந்த மோதிரத்தைக் கழற்றி, உள்ளே இருந்த சொல்லைப் பிள்ளைகளிடம் காட்டினார். வீட்டில் பணம் இல்லை. ஹூஸ்டனின் அடிமையாக இருந்த ஜோஷுவா, கொல்லர் வேலையில் சேர்த்து வைத்திருந்த பணத்தைக் கொண்டுவந்து கொடுத்தார் என்று அங்கே சொல்வார்கள். மார்கரெட் வாங்கவில்லை, உன் பிள்ளைகளைப் படிக்க வை என்றாராம். ஜோஷுவா ஹூஸ்டன் பிறகு அந்த மாவட்ட நிர்வாகக் குழு உறுப்பினராகத் தேர்ந்தெடுக்கப்பட்டார். அவர் மகன் சாமுவேல் வாக்கர் ஹூஸ்டன் கறுப்பினப் பிள்ளைகளுக்குப் பள்ளி நடத்தினார்.

ஹன்ட்ஸ்வில் ஓக்வுட் இடுகாட்டில்தான் சாம் ஹூஸ்டன் கல்லறை. நான் இரண்டு தடவை போயிருக்கிறேன். ஜோஷுவாவும் அதே இடுகாட்டில்தான் இருக்கிறார். அவர் கல்லறையை இரண்டு தடவையும் நான் தேடிப் போகவில்லை. வீட்டிலிருந்து வடக்கே ஒரு மணி நேரத்துக்கு மேல் கார் ஓட்டவேண்டும். இந்தச் சனிக்கிழமை மகளையும் கூட்டிக்கொண்டு போகிறேன், முதலில் ஜோஷுவாவிடம்.